இரண்டாம் சரணத்தின் சொந்தக்காரி

மாண்புமிகு தலைவர் அவர்களே! ஆலோசனை சொல்லவே அவதரித்த ஆன்றோர்களே! முன்வரிசையை முற்றுகையிட்டிருக்கும் தயாரிப்பாளர்ப் பெருமக்களே! பிள்ளைகளை மடியில் கிடத்திக்கொண்டு எங்களையும் பொறுத்தருளும் தாய்மார்களே! கன்னட சினிமாவின் கோட்டையாம் காந்திநகர் கண்டெடுத்த கானப் பிரம்மா, இசையமைப்பாளர் நாகபூஷண ஹெப்பார் அவர்களே! இருபத்தைந்து ஆண்டுகள் இவருக்கு ஒலிப்பதிவு செய்த துக்காராமின் வணக்கம்.

நூறு படமாம்! நூறும் முத்தாம்! கன்னடப் பாட்டுக்குக் கன்னடக் குரல் போதாது என்று கண்டுபிடித்த மேதையல்லவா இவர்? குரல் பம்பாயிலிருந்து பறந்து வரவேண்டும். அதற்கு வழிகாட்ட உள்ளூர்ப் பெண் ஒருத்தி முதலில் பாடிவைப்பாள். நட்சத்திரம் வந்து பாடியதும் அவள் குரலை அழித்துவிடுவோம். அழித்தது இந்தக் கைதான்.

என்ன? "துக்காராமண்ணா, கேசரிபாத் ஆறுது!" என்கிறீர்களா? ஆறட்டும் ஐயா! ஒருத்தியின் வயிறு பதினெட்டு ஆண்டாக எரிகிறது.

இவருக்குப் பெரும்பெயர் வாங்கித்தந்த அந்தத் தாலாட்டு! பம்பாய்ப் பாடகி பல்லவி பாடினார், முதல் சரணம் பாடினார், கடிகாரத்தைப் பார்த்தார், விமானத்துக்கு ஓடினார். "சார், ரெண்டாவது சரணத்துல இன்னும் நம்ம பாரிஜாதா குரல்தான் இருக்கு" என்றேன். "இருக்கட்டும்யா. ரெண்டு குரலும் ஒண்ணாத்தானே இருக்கு, எவனுக்குத் தெரியப்போவுது?" என்றார் பிரம்மா.

தாய்மார்களே, நீங்கள் தொட்டிலாட்டிப் பாடுவது எந்தச் சரணம்? இரண்டாவதுதானே! விருதுக்காரர்கள் கண்கலங்கியது எதற்கு? அதற்குத்தானே! விருது யாருக்குப் போனது? பம்பாய்க்கு!

பாரிஜாதா இவரிடம் வந்து நின்றாள். "சார், ஒரு ஓரத்துல என் பேரைப் போடுங்க, போதும்." இவர் சொன்னார்: "உன் குரல் கல்யாண மண்டபத்துக்குத்தாம்மா லாயக்கு. மைக்குக்கு ஆகாது." அன்றோடு எந்தப் பதிவுக்கூடமும் அவளைக் கூப்பிடவில்லை. பக்கத்தில் நின்ற நான் வாய் திறந்தேனா? இல்லை! எனக்கும் வெட்கமில்லை, எனக்கும் முதுகெலும்பில்லை!

தலையாட்டி மறுக்காதீர்கள் ஹெப்பார் அவர்களே. இவள் பாடிவைத்து நான் அழிக்காமல் விட்ட நாடா என் வீட்டில் இருக்கிறது.

மைசூர்ப் பேட்டாத் தலைப்பாகையைப் பிரம்மாவின் தலையில் சூட்டத்தானே என்னை மேடையேற்றினீர்கள்? சூட்டுகிறேன், ஆனால் தலை வேறு. ஏழாவது வரிசையில் தலைகுனிந்திருக்கும் பாரிஜாதா, மேலே வாம்மா. மைக்கைப் பிடி. அந்தச் சரணத்தைப் பாடு. ஹெப்பார் அவர்களே, மைக்குக்கு ஆகாத குரலை எழுந்து நின்று கேளுங்கள்!

பொறுத்துக் கேட்ட உங்களுக்கு நன்றி. பாடப்போகிறவளுக்கு என் வணக்கம்.