ட்ரஸ்கட் வீட்டின் தலைவன்

சாப்பாட்டு மேசையில் யாரும் தொப்பி அணியக் கூடாது. ஹாலிவுட் பக்கத்துப் பர்பேங்க் ஸ்டுடியோவில் ட்ரஸ்கட் குடும்பத்தின் அப்பாவாக நடித்த நான், அந்த டி.வி. சிரிப்புத் தொடரின் முதல் சீசனிலேயே போட்ட சட்டம் அது. மனைவியும் மூன்று பிள்ளைகளும் கட்டுப்பட்டார்கள். வெள்ளிக்கிழமைதோறும் படப்பிடிப்புக்கு ஜனங்கள் வந்து எதிரே உட்கார்ந்து பார்க்கிற குடும்பத்துக்கு ஒரு மரியாதை வேண்டும், ஐயா.

மூன்றாம் சீசனில் லானி பெக்கம் ஒரே ஒரு காட்சிக்காக வந்தான். ஏணி இரவல் கேட்கும் பக்கத்து வீட்டுக்காரன் வேடம். தொப்பியோடு உட்கார்ந்து, என் தட்டிலிருந்த உருளைக்கிழங்கை எடுத்துத் தின்றான். ஜனம் விழுந்து விழுந்து சிரித்தது. அடுத்த வாரமும் வந்தான். ஐந்தாம் சீசனில் அவன் கதவைத் திறந்தாலே கைதட்டல். மூத்த பிள்ளையைக் கல்லூரிக்கு அனுப்பிவிட்டு, அந்த மாடி அறையில் இவனைக் குடிவைத்தார்கள். ஏழாம் சீசனில் மேசையின் தலைப்பக்க நாற்காலியும் அவனுக்குப் போயிற்று.

ஒன்பதாவது சீசன் தொடங்கும்போது தயாரிப்பாளர் மைரா எல்லோர் முன்னாலும் என்னைக் கூப்பிட்டாள்.

"கோவிச்சுக்காதீங்க வெண்டல். அப்பாவுக்கு ஃப்ளோரிடால வேலை கிடைக்குது. அப்பப்ப போன்ல பேசுவாரு."

"வீட்டை யாரு பாத்துக்கறது?"

"நான் இருக்கேன்ல பெருசு," என்றான் லானி. "உங்க பொண்டாட்டி, உங்க பிள்ளைங்க, உங்க உருளைக்கிழங்கு, எல்லாத்தையும் பாத்துக்கறேன்."

எல்லோரும் சிரித்தார்கள். என் மனைவியாக நடித்தவளும் சிரித்தாள்.

செட்டிலிருந்த எங்கள் மாடிப்படிக்கு மேல் மாடி கிடையாது. தட்டிக்குப் பின்னால் ஒரு பலகைத் தளம், ஒரு கைப்பிடிக் கம்பி, வெகு கீழே சிமெண்டுத் தரை. 'மாடிக்குப் போகிறவர்' அங்கே இருட்டில் நிற்க வேண்டும். லானி அந்தக் கம்பியில் முதுகைச் சாய்த்து, கண்ணை மூடிக் கைதட்டலைக் கேட்பான். என்னுடைய கடைசி வெள்ளிக்கிழமை, எல்லோரும் சாப்பிடப் போயிருந்தபோது கம்பியின் திருகாணிகளைக் கழற்றினேன்.

"தூங்கப் போறேன், பெருசு," என்று சொல்லிவிட்டு அவன் படியேறினான். கைதட்டல் எழுந்தது. பிறகு அந்தச் சத்தம். அதையும் வேடிக்கை என்று நினைத்து ஜனம் சிரித்தது. சிரிப்பு அடங்கும்வரை அடுத்த வசனத்தைப் பேசக் கூடாது என்பது எங்கள் தொழிலின் முதல் பாடம். நான் மேலே பார்த்தேன், பிறகு ஜனங்களைப் பார்த்தேன், மெல்ல ஒரு புருவத்தை உயர்த்தினேன். சிரிப்பு மறுபடி எழுந்தது. படியருகே நின்ற எனக்கு மட்டும் முனகல் கேட்டது. காத்திருந்தேன். சிரிப்பு ஓய்ந்தபோது முனகலும் ஓய்ந்திருந்தது.

பொறாமை என்கிறீர்கள், இன்ஸ்பெக்டர் ஐயா. குடும்ப மானத்தைக் காப்பதற்குப் பெயர் பொறாமை இல்லை. ஆனால் ஒன்றைத் திருத்திக்கொள்ளுங்கள். அந்த இரண்டாவது சிரிப்பு அவன் விழுந்ததற்காக வந்ததல்ல, என் புருவத்துக்கு வந்தது. ஒலிப்பதிவைப் போட்டுக் கேளுங்கள், இரண்டில் அதுதான் நீளம்.