அம்மா பூசிய சுவர்

சங்கு ஊதுகிறது. மதியம் ஒன்று பத்து. சுண்ணாம்புக்கல் சுரங்கத்தில் வெடி வைக்கிறார்கள். "வெளிய வாங்கடி! வெளிய வாங்க!" அம்மா கத்துகிறாள். நானும் தங்கை செல்வியும் சோற்றுத் தட்டை வைத்துவிட்டு ஓடுகிறோம். ஐப்பசித் தூறல். புளியமரத்தடியில் நிற்கிறோம். டம். தரை அதிர்கிறது. டம். மூன்றாவதற்குக் காத்திருக்கிறோம். எப்போதும் மூன்று.

இதைப் போர் என்று யாரும் சொல்லமாட்டார்கள். அரியலூர்ப் பக்கம் வந்து ஒரு வாரம் குடியிருந்து பார்க்கட்டும்.

எங்களுடையது மண்சுவர் வீடு. கேரளாவுக்கு மூட்டை தூக்கப் போன அப்பா திரும்பவில்லை. அம்மா ஆண்டிமடம் போய் முந்திரி உடைத்தாள். கொட்டை எண்ணெய் பட்டுக் கைத்தோல் உரிந்தது. அந்தக் கையாலேயே, வெடியில் சுவர் விரிசல் விடும்போதெல்லாம் களிமண்ணும் சாணமும் குழைத்துப் பூசுவாள். ஆம்பளை இல்லாத வீடு இப்படித்தான் கிடக்கும் என்று ஒருத்தரும் சொல்லிவிடக் கூடாது அவளுக்கு.

விரிசல் விட்ட வீட்டுக்காரர்களுக்கு வேறிடத்தில் வீடு தருவதாகச் சுரங்கத்துக்காரர்கள் மைக்கில் சொன்னார்கள். விரிசலைப் பார்க்க ஆபீசர் வருகிறார் என்றார்கள். வீட்டுக்கு ஆள் வருகிறதென்றால் அம்மா சும்மா இருப்பாளா? முதல்நாளே சுவர் முழுக்கப் பூசி மெழுகிவிட்டாள். வாசலில் கோலம் வேறு. பைத்தியக்காரி. என் அம்மா பைத்தியக்காரி.

ஆபீசர் வாசலிலேயே நின்றார். சேதமில்லை என்று எழுதினார். அம்மா அரிவாளால் பூச்சைக் கொத்தினாள். "உள்ள பாருங்க சார். கை போவுது."

"இப்பதானேம்மா நீயே கொத்துன" என்றார். போய்விட்டார். எழுதத் தெரிந்தவருக்குச் சுவரைத் தட்டிப் பார்க்கத் தெரியவில்லை. பக்கத்து வீடுகள் காலியாயின. நாங்கள் இருந்தோம்.

மூன்றாவது வெடி வரவில்லை. கால் மணி நேரம் ஆகிறது. வெடிமருந்து நனைந்திருக்கும் என்கிறாள் அம்மா. செல்விக்குப் பசி. தலைக்குப் போட அம்மா சாக்கு தேடித் திரும்பிய நேரம், செல்வி வீட்டுக்குள் ஓடிவிட்டாள். "செல்வி! வந்துடுடி!"

டம்.

மண்சுவர் விழுந்தால் பெரிய சத்தம் வராது. மூட்டையை இறக்கிப் போட்டதுபோலத் தொப்பென்று ஒரு சத்தம். அவ்வளவுதான். அம்மா கையாலேயே தோண்டினாள்.

பிறகு வீடு கொடுத்தார்கள். சிமெண்டுச் சுவர். அம்மா அதில் சாய்ந்து உட்காரமாட்டாள். நான் பூசாம இருந்திருந்தா என்று ஆரம்பிப்பாள். முடிக்கமாட்டாள். உன்மேல் தப்பில்லை என்று சொல்ல எனக்கு இன்றுவரை வாய் வரவில்லை.

போனது தெற்குச் சுவர். அதனோரம் கட்டியிருந்த சினை ஆடு. அரிசிப் பானை. செல்வி. ஏழு வயது.