பாலத்துக்குத் தண்ணீர் ஊற்றியவர்

சங்கராபுரத்திலிருந்து கல்வராயன் மலைக்குப் போகும் பஸ். எனக்கு முன்சீட்டில் ஒரு அம்மாள், மடியில் தக்காளிப் பை. அடுத்த வரிசையில் உர மூட்டையோடு ஒரு விவசாயி. தூரத்தில் ஓடைப்பாலம் தெரிந்ததும் அந்த அம்மாள் அவரிடம் சொன்னார்:

“இந்தப் பாலத்துக்கு மூணு வாரம் நாந்தான் தண்ணி ஊத்துனேன்.”

“பாலத்துக்குத் தண்ணியா? அது இன்னாம்மா, கத்திரிச் செடியா?”

“காங்கிரீட்டு சீக்கிரம் காய்ஞ்சா வெடிச்சிப் பூடும்ண்ணா. சாக்க விரிச்சி ஈரமாவே வெச்சிக்கினு இருக்கணும். பொங்க அன்னிக்குக்கூட வூட்ல பானைய எறக்கிவெச்சிட்டுக் குடத்தோட ஓடியாந்தேன். மேஸ்திரியே வரல.”

“கூலிக்குத்தான செஞ்ச? சர்க்காரு பணத்துல கட்டுன பாலம்.”

“சர்க்காருக்கு ஏதுங்கண்ணா பணம்? நீங்களும் நானும் சோப்பு வாங்கசொல்லோ கட்ற வரிதான். முன்ன பாலம் இல்லாதப்ப, ஓடையில வெள்ளம் வந்து எம் பொண்ணு பரீட்சைக்குப் போவ முடியாம இக்கரையிலயே நின்னு அழுதா. அத நெனச்சிக்கினுதான் ஊத்துனேன்.”

விவசாயி ஜன்னல் வழியே ஓடையை எட்டிப் பார்த்தார். பிறகு, “போன மழைக்கு வெள்ளம் ஜாஸ்தியாச்சே?” என்றார்.

“வடிஞ்சதும் மொதல்ல போயி பாத்தது நாந்தான். ஒரு கீறல் இல்ல.”

பஸ் பாலத்தில் ஏறியது. ஓரத்தில் திறப்புவிழாக் கல்வெட்டு, அதில் நிறையப் பெயர்கள்.

“அதுல உம் பேரு இல்லியேம்மா.”

அந்த அம்மாள் கல்வெட்டுப் பக்கம் திரும்பவே இல்லை.

“கல்லு வெளிய நிக்குதுண்ணா. நான் ஊத்துன தண்ணி பாலத்துக்குள்ள இருக்குது.”