பத்தரின் கைராசி

பண்டத்தரிப்பிலிருந்து யாழ்ப்பாணம் போகிற பஸ்ஸில் எனக்கு முன்னால் இரண்டு பெண்கள் இருந்தார்கள். நகை செய்யும் பத்தர் ஒருவரின் பூட்டிக் கிடந்த பட்டறையை பஸ் கடந்தபோது மூத்தவர் சொன்னார்:

“உந்தக் கதவைப் பூட்டினது பத்தரில்லை. நாங்கள்தான்.”

“என்னக்கா கதைக்கிறியள்?”

“அவரின்ரை தேப்பன் காலத்திலையிருந்து ஊரிலை எல்லாத் தாலியும் உங்கைதானே செய்தது. நல்ல கைராசி எண்டு சனம் தேடி வந்தது. பிறகு கலியாணம் முடிஞ்ச வருசமே பத்தரின்ரை மருமோன் செத்துப்போனான்.”

“ஓம். அவர் செய்த தாலி சொந்தப் பிள்ளைக்கே நிலைக்கேல்லை எண்டுதானே எல்லாரும் போறதை விட்டவை. நானும் என்ரை மகளுக்குச் சந்தையடிப் பட்டறையிலைதான் செய்வித்தனான்.”

“அந்தத் தாலியை அவர் செய்யவே இல்லையாம். பெத்த பிள்ளைக்குத் தாலி செய்ய என்ரை கை நடுங்குது எண்டு வேறை ஆளிட்டைக் குடுத்துச் செய்வித்தவராம். பத்தரின்ரை செத்தவீட்டிலை அவரின்ரை மனுசி சொல்லி அழுதா.”

“ஐயோ! அதை அவர் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே?”

“சொன்னால் சனம் அந்த ஆளின்ரை பட்டறைக்கும் போகாது, அவனும் பிள்ளைகுட்டிக்காரன் எண்டு பேசாமல் இருந்திட்டாராம்.”

“ஆரக்கா அந்த ஆள்?”

“உன்ரை மகளுக்குச் செய்து தந்தவன்தான்.”

இளையவர் திடுக்கிட்டுத் திரும்பினார்.

“பயப்பிடாதை. அவள் புருசன் பிள்ளையளோடை நல்லாத்தானே இருக்கிறாள்?”

யன்னலைப் பார்த்தபடி இளையவர் சொன்னார்: “ஓமக்கா. நல்லாத்தான் இருக்கிறாள்.”