எங்கள் வீட்டில் இன்னும் பனிக்காலம்

— கட்டின பெட்டியை ஏன்டி மறுபடியும் பிரிக்கிறே, அக்மரால்? மத்தியானம் ரயிலு.

— நான் போகலைம்மா.

— காரகந்தா காலேஜ்ல இடம் கெடைக்கணும்னு ரெண்டு வருசமா என் உயிரை எடுத்தே. இப்ப என்ன வந்துச்சு?

— முதல்ல அந்தக் கம்பளத் திரையைக் கழட்டு. வெளியில வெயில் மண்டையைப் பொளக்குது. ஊரே மோர் குடிக்குது, நம்ம அடுப்புல மட்டும் குதிரைக் கொழுப்பு கொதிக்குது.

— கழட்ட முடியாது. உங்கப்பா போன விண்கப்பல்ல இன்னும் பனிக்காலம் முடியலை. கப்பல்காரர் வீட்டுக்குக் கப்பல் நாள்தான். ஊர் நாள் கெடையாது.

— எனக்குப் பதினாலு வயசுல மாட்டின திரைம்மா இது! இப்ப பத்தொன்பது. பக்கத்து வீட்டு ஷர்பத் அத்தை வருசா வருசம் வசந்தம் பொறக்குற நௌரிஸ் பண்டிகைக்குக் கஞ்சி காய்ச்சுறப்போ, வேலியில தொங்கிக்கிட்டு மோப்பம் பிடிச்சவ நான். பொறந்ததுலேர்ந்து நம்ம வீட்டுல ஒரு நௌரிஸ் உண்டா?

— அவரு நௌரிஸ் முடிஞ்ச மறுநாள்தானே ஏறினாரு. வெளிச்சத்தையே துரத்திக்கிட்டு ஓடுற கப்பல்டி. அங்க ஒரு பொழுது விடியறதுக்குள்ள இங்க இருபது நாள் ஓடிப்போகுது. அவருக்கு இன்னும் ஒரு வருசமே திரும்பலை. நீ அப்ப என் வயித்துல. "பிள்ளை தத்தித் தத்தி நடக்குற நேரத்துக்கு வந்துருவேன், நல்லா நடக்கட்டும்னு கால்ல கயிறு கட்டி நான்தான் வெட்டிவிடுவேன், வேற கை படக்கூடாது"ன்னு அவரு நாள் கணக்குல சொல்லிட்டுப் போனாரு.

— கயிறு வெட்டாமலே நான் நடந்து, ஓடி, குதிரையிலேர்ந்து விழுந்து பல்லையும் ஒடைச்சுக்கிட்டாச்சு.

— வாயி! வாயி மட்டும் அப்படியே அவரு. நீ பேசுறதைக் கேக்கறப்போ அவரு குரலை ஒருவாட்டி கேட்டாப் போதும்னு இருக்கும்.

— அழாதேம்மா.

— அழலை, அடுப்புப் புகை. நீ ஏன் போகலைன்னு அதைச் சொல்லு.

— உன்னைத் தனியா விட்டுட்டு எப்படிப் போறது?

— தனியா எங்க? நாள்விளக்கு இருக்கே. இதுக்குள்ள ஒரு துகளு, அதோட ரெட்டைப் பிறவி அவரு கப்பல்ல. அங்க பொழுது விடிஞ்சா இங்க நிறம் மாறும். நமக்கு அதைவிடத் துணை வேணுமா?

— மாறாமப் போச்சுன்னா? ஷர்பத் அத்தை வீட்டு விளக்கு நின்னுச்சே.

— நின்னுச்சு. அவங்க வீட்டுக் கப்பல் போச்சுன்னு அன்னிக்கே திரையைக் கிழிச்சு, ஒப்பாரி வச்சு, ஊர் நாளுக்கு வந்துட்டா. நம்ம விளக்குதான் மாறிக்கிட்டே இருக்கே.

— ஆமா. மாறுது.

— பின்னே என்ன?

— சரி, போறேன். ஆனா இருபது நாளுக்கு ஒருவாட்டி வந்துட்டுப் போவேன்.

— ரயிலுல நாள் முழுக்க இடிபட்டுக்கிட்டா? மாசத்துக்கு ஒருவாட்டி வா, போதும்.

— மாசம் ஆகாது. இருபது நாள். தவற மாட்டேன்.

— அதென்ன இருபதுன்னு ஒரு கணக்கு?

— சும்மாதான். உன் கையால சாப்பிடணும்ல. இல்லைன்னா விளக்கை எங்கூடக் கொடுத்துவிடு. அடியில திருகு லொடலொடங்குது, அங்க யாருகிட்டயாவது காட்டுறேன்.

— வாங்கின அன்னிக்கு உங்கப்பா ஒருதரம் திருகி நாளுக்குண்டான நிறத்தை வச்சாரு. அதுக்கப்புறம் யாரும் தொடாத திருகு ஏன் லொடலொடங்குது?

— தூசி துடைக்கிறப்போ... கை பட்டிருக்கும்.

— அக்மரால்.

— ம்.

— பெட்டியடியில கறுப்பும் வெள்ளையுமா முறுக்கின கயிறு இருக்கும். எடுத்துட்டு வா. கத்தரிக்கோலையும் எடு.

— எதுக்கும்மா?

— உக்காரு. காலை நீட்டு. யம்மா, எத்தாம் பெரிய காலு! கயிறு பத்துமோ என்னவோ.

— வெட்டுறவங்க நடைதான் பிள்ளைக்கு வரும்பியே. உன் நடையா எனக்கு?

— இருபது வருசமா இந்த வாசலை விட்டு நகராத நடைதான். அதனாலதான் இன்னிக்கு ரயிலடி வரைக்கும் கூட நடந்து வரப்போறேன்.

— வேணாம்மா, கத்தரியை வை. அப்பா வந்துதானே வெட்டணும்? அவரு நௌரிஸுக்கு இன்னும் கொஞ்சந்தானே இருக்கு?

— ஆடாதே, என் குட்டிக்குதிரை. நின்னுபோன விளக்குல அந்தத் திருகை நீ முதல்வாட்டி கையால திருப்பினே பாரு, அன்னிக்கே இதை நான் வெட்டிவிட்டிருக்கணும்.