வனமாமலையின் வலது கை

நாற்காலி கொடுத்ததற்கு நன்றி, இன்ஸ்பெக்டர் ஐயா. இருபது வருடமாகக் கேமராவோடு நின்றே பழகியவன்; முட்டி ஓய்ந்துவிட்டது.

என் பெயர் சிவசங்கர். இசைக்காரர்களைப் பற்றிய ஆவணப்படங்களுக்கு ஒளிப்பதிவு செய்கிறேன். பாட்டைப் படம் பிடிக்க முடியாது. பாடுகிறவரின் தொண்டையைப் பிடிக்கலாம், வாசிக்கிறவரின் விரலைப் பிடிக்கலாம். என் வேலை அவ்வளவுதான்.

ஒரகடத்தில் அந்தத் தொழிற்சாலைக்கு வனமாமலைக்காகத்தான் போனேன். நாங்குநேரிக்காரர். ஊர்க் கோயில் கொடையில் வில்லுப்பாட்டுக்கு உடுக்கை அடிப்பவர். இங்கே தகடு அழுத்தும் பழைய மெஷினில் ஆப்பரேட்டர். அவர் மனைவி கனகலட்சுமி தினமும் அந்த விரல்களுக்குத் தேங்காய் எண்ணெய் தடவி நீவிவிடுவாள். முதலில் அதைத்தான் எடுத்தேன். அழகாக வந்தது.

அந்த மெஷினில் இரண்டு பட்டன். இரண்டு கையாலும் அழுத்தினால்தான் மேல்பாகம் இறங்கும். எனக்கு வேண்டியது, அது இறங்கி ஏறும்போது அவருடைய வலது கை தகட்டில் தாளம் போடுவது.

"அதுக்கு மூணாவது கை முளைக்கணும், அண்ணாச்சி," என்று சிரித்தார். "கையக் காப்பாத்தத்தான் ரெண்டு பட்டன் வச்சிருக்காவ."

என் பையில் எப்போதும் கறுப்பு டேப் இருக்கும். வலது பட்டனை அழுத்தி, அது எழும்பாதபடி அதன்மேல் ஒட்டினேன். இனி இடது கை மட்டும் போதும்.

சூப்பர்வைசர் திருமலை தூரத்திலிருந்தே சத்தம் போட்டார். "இன்னா சார், லைன் நின்னுகினு கீது. சீக்கிரம் முடிச்சிக்கினு கிளம்பு."

மூன்று டேக் நன்றாகவே போயின. கையும் மெஷினும் ஒரே ஃபிரேமில் சேரவில்லை, அதுதான் குறை. கையை இன்னும் இரண்டு விரல் அளவு உள்ளே வைக்கச் சொன்னேன். வனமாமலை இரவு ஷிப்டு முடித்துவிட்டு நேராக வந்திருந்தார். அந்தக் களைப்பு முகத்தில் தெரிந்தது, படத்துக்கு நல்லது.

"கை அசருது, அண்ணாச்சி."

இன்னும் ஒன்றே ஒன்று என்றேன்.

நான்காவதில் கை அரைத் தாளம் பிந்தியது; மெஷினின் மேல்பாகம் பிந்தவில்லை.

ஆட்களைக் கூப்பிடுவதற்கு முன் டேப்பை உரித்துப் பையில் போட்டேன். நாலைந்து விநாடிதான் ஆகியிருக்கும். கேமரா ஓடிக்கொண்டுதான் இருந்தது.

பாதுகாப்பு விதியை வனமாமலையே மீறினார் என்று எழுதி, கம்பெனியில் அவரை வேலையைவிட்டு நீக்கினார்கள். கேமராக்காரர்தான் டேப் ஒட்டினார் என்று அவர் சொன்னாராம். என்னைக் கேட்டார்கள். நான் எதையும் கவனிக்கவில்லை என்றேன்.

போன வாரம் கனகலட்சுமி என் வீட்டுக்கு வந்தாள். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை.

"உங்களக் குத்தம் சொல்ல வரல, அண்ணாச்சி. கை போனது போனதுதான். பொய் சொல்லுதான்னு எல்லாரும் ஏசுதாவ, அதத்தான் அவுகளால தாங்க முடியல. படம் இருக்கும்லா? அதக் காட்டுனா போதும்."

படம் இருந்த மெமரி கார்டு கெட்டுப்போய்விட்டது என்றேன். கும்பிட்டுவிட்டுப் போனாள்.

கெடவில்லை. இதோ இருக்கிறது. டேப் ஒட்டியது, உரித்தது, எல்லாம் இதில் இருக்கிறது. செய்தது நான்தான், எழுதிக்கொள்ளுங்கள்.

பார்க்கும்போது ஒன்றை மட்டும் கவனியுங்கள், ஐயா. கடைசிவரை ஃபோகஸ் எங்கேயும் தப்பவில்லை. அந்தக் கையை இவ்வளவு அக்கறையாக வேறு யாரும் பார்த்திருக்க மாட்டார்கள்.