பதிகம் முடியும்வரை

கூதிர் கழிந்து முன்பனி இறங்கியிருந்த நாள்கள் அவை. மரங்கள் இலையுதிர்த்துத் தவநிலையில் நின்றன. நகரின் ஓசைகளும் போர்வைக்குள்ளிருந்து வருவனபோல் தாழ்ந்து ஒலித்தன. அத்தகைய பருவத்தில் இருமல் வருவது இயல்பே, ஐயா. என் தங்கையின் கணவருக்கும் வந்தது.

அவர் ஊர் ஊராகச் சென்று நாய்களைக் கொண்டு வித்தை காட்டுபவர். நான் தொடக்கத்தில் இறைவணக்கம் பாடுபவன். இரண்டாம் அடியில் அவர் திரைமறைவில் விரலசைப்பார். ஐந்து நாய்களும் ஒருசேரக் கொட்டாவி விட்டுப் படுத்துக்கொள்ளும். வெள்ளை நாய் முன்கால்களால் காதைப் பொத்திக்கொள்ளும். கொட்டகை சிரித்துக் குலுங்கும். எந்த ஊரிலும் என் பதிகம் இரண்டாம் அடியைத் தாண்டியதில்லை.

"மாப்பிள்ளை, இது சாமி பாட்டு. ஒருநாளாவது முழுசாப் பாட விடுங்களேன்" என்று கேட்டேன்.

"நாய்க்கே தாங்கலை மச்சான். ஜனங்க டிக்கெட் எடுத்து வந்திருக்காங்க, பாவம்" என்றார்.

எனக்குச் சினம் இல்லை. அடியவனுக்குச் சினம் ஆகாது.

அவருடைய தலையாய வித்தை பெட்டி வித்தை. அவர் உள்ளே புகுவார். நான் பூட்டி, சாவியை வெள்ளை நாயின் வாயில் கொடுப்பேன். கைதட்டல் எழுந்தால்தான் அது சாவியைத் திருப்பித் தரும், அவ்வாறே பழக்கியிருந்தார்.

அன்று, இருமலுக்குப் பனிக்காற்று ஆகாதென்று பெட்டியின் காற்றுத்துளைகளை மெழுகால் அடைத்தேன். அக்கறைதான். பூட்டியபின், தொடக்கத்தில் வழக்கம்போல் தடைப்பட்ட பதிகத்தை முழுதும் பாட எண்ணி, மக்களை நோக்கி, "எல்லாரும் எழுந்து கைகூப்பி நில்லுங்க. சாமி பாட்டு முடியறவரைக்கும் யாரும் கை தட்டக்கூடாது" என்றேன். நல்ல மக்கள், நின்றார்கள்.

மூன்றாம் பாட்டில் பெட்டிக்குள்ளிருந்து தட்டும் ஓசை வந்தது. தாளம் சற்றே பிசகியிருந்தது. ஏழாம் பாட்டில் அதுவும் இல்லை. விரலசைக்க ஆளில்லாமையால் நாய்கள் நிமிர்ந்தமர்ந்து கேட்டன. வெள்ளை நாய் சாவியைக் கவ்வியபடியே கேட்டது. நானே அதைப் பிடுங்கியிருக்கலாமே என்கிறீர்கள். அவர் வகுத்த ஒழுங்கு அது. அவரைக் கேளாமல் மீறுவது முறையா?

வாயிலில் டிக்கெட் கிழித்துக்கொண்டிருந்த தங்கை ஓடிவந்து என் காலில் விழுந்தாள்.

"அண்ணே, போதும்ண்ணே. பெட்டியைத் திறங்கண்ணே."

இறுதிப் பாட்டு எஞ்சியிருந்தது. அதையும் பாடி நிறைவுசெய்து, கண்மூடி, கையிலிருந்த ஒற்றை மலரை மேடையின் விளிம்பில் வைத்து வணங்கினேன். பின்னர்க் குனிந்து, அவள் தலைமேல் கைவைத்து மனமார வாழ்த்தினேன்:

"புருஷனும் நீயுமா நூறு வருஷம் நல்லா இரும்மா."